வேடம் தரித்தோரும் வேடர் குலத்தோரும்

வேடம் என்னும் சொல்லும் வேடர் என்னும் சொல்லும் செவிக்கு உடன்பிறந்தவை போல ஒலிக்கின்றன. ஆயினும் முன்னது வடமொழி வேஷத்தின் வழி வந்தது. பின்னது வேட்டையோடு பிறந்த தமிழ்ச் சொல். இரண்டிற்கும் குருதி உறவு கிடையாது. ஆனால் தமிழ் மேடையும் தமிழ்த் திரையும் இவ்விரண்டுக்கும் நெடுங்காலமாக முடிச்சுப் போட்டே வந்துள்ளன. வேடர் குலத்து மகள் என்றால், வேடர் குலத்து மகளாய் வேடமிட்ட வேறொருத்தியே நம் கண்முன் வந்து நின்றிருக்கிறாள்.

வள்ளியை எடுத்துக்கொள்வோம். தினைப்புனத்துப் பரண்மீது நின்று கவண் வீசிக் கிளியோட்டும் அப்பெண்ணே தமிழர் மனத்தில் பதிந்த முதல் மலைமகள். சங்கரதாஸ் சுவாமிகளின் 'வள்ளி திருமணம்' தென்மாவட்டத் திருவிழாக்களில் இன்றும் விடிய விடிய நடக்கிறது. 1945ஆம் ஆண்டு ஏவி. மெய்யப்பச் செட்டியார் அக்கதையை 'ஸ்ரீ வள்ளி' எனப் படமாக்கியபோது குமாரி ருக்மணி வள்ளியானார், டி. ஆர். மகாலிங்கம் முருகனானார். மேடை வள்ளியின் பட்டும் சரிகையும் எந்த வேடர் குடியிருப்பிலும் நெய்யப்பட்டவை அல்ல. காட்டியவரும் அதைச் சொல்லவில்லை, பார்த்தவரும் கேட்கவில்லை. தெய்வக் கதையில் அக்கேள்விக்கு இடமில்லை என்று விட்டுவிடலாம்.

ஆனால் தெய்வக் கதைகள் குறைந்து சமூகக் கதைகள் பெருகிய பின்னரும் பழக்கம் மாறவில்லை. 1968இல் வெளிவந்த 'ஒளிவிளக்கு' படத்தில் எம்.ஜி.ஆரும் ஜெயலலிதாவும் நரிக்குறவர் வேடமிட்டு ஆடினர். 1972இல் கே. எஸ். கோபாலகிருஷ்ணன் 'குறத்தி மகன்' படத்தை எடுத்தார். மகனைப் படிக்க வைக்கத் துடிக்கும் ஒரு தாயின் கதையாதலால் அதனை மற்றவற்றோடு சேர்த்து ஒதுக்கிவிட நமக்கு மனம் வரவில்லை. பின்னர் 2009இல் எஸ். பி. ஜனநாதனின் 'பேராண்மை' வந்தது. அந்நாளில் ஜெயம் ரவி என்று அறியப்பட்ட நடிகர், பழங்குடியில் பிறந்து வனத்துறை அலுவலராகும் துருவனாக நடித்தார். படித்து வேலைக்கு வந்த பின்னும் ஒரு பழங்குடி இளைஞன் எத்தகைய ஏளனத்தை விழுங்க வேண்டியிருக்கிறது என்பதை ஒரு பெரிய வணிகப் படம் சொல்லியது அதுவே முதல் என நாம் எண்ணுகிறோம். 2022இன் இறுதியில் வந்த 'செம்பி' படத்தில், நம்மை முப்பது ஆண்டுகளுக்கு மேல் சிரிக்க வைத்த கோவை சரளா, கொடைக்கானல் மலைப் பழங்குடி மூதாட்டியாக நடித்து, சிரிக்க வந்தவர்களை வாயடைக்கச் செய்தார்.

இவர்களுள் எவரும் பழங்குடியினர் அல்லர். நடிப்பு என்பதே மற்றொருவராக மாறுவதுதானே, இதில் என்ன குறை என்று வாசக அன்பர் கேட்கக்கூடும். கேள்வி நியாயமானது. அரசனாக நடிப்பவர் அரசகுலத்தில் பிறந்திருக்க வேண்டியதில்லை. ஆயினும் தன்னைத் தானே சொல்லிக்கொள்ளப் பல வாயில்கள் உடையவனை மற்றொருவன் நடித்துக் காட்டுவது வேறு. ஒரு வாயிலும் இல்லாதவனை நடித்துக் காட்டுவது வேறு. பின்னவனைப் பற்றி ஊரார் அறிவதெல்லாம் அந்த நடிகர் காட்டியது மட்டுமே. பாசிமணியும், சாய்ந்த கொண்டையும், வேண்டுமென்றே உடைத்துப் பேசும் தமிழும்தான் குறவர் என்று ஒரு தலைமுறையே நம்பியதற்குக் காரணம், அத்தலைமுறை ஒரு குறவரோடும் அமர்ந்து பேசியதில்லை என்பதே.

நாம் வசிக்கும் படப்பை, தாம்பரத்திலிருந்து முடிச்சூர், மண்ணிவாக்கம் கடந்து வாலாஜாபாத் நோக்கிச் செல்லும் சாலையில் உள்ளது. மேற்கே ஒரகடத்துத் தொழிற்சாலைகள். சுற்றிலும் ஏரிகள், ஏரிகளுக்கு இடையே ஒருகாலத்தில் நெல்வயல், இப்போது மனைப்பிரிவு. அத்தகைய ஓர் ஏரிக்கரையின் ஓரத்தில் இருபதுக்குச் சற்றுக் கூடுதலான இருளர் வீடுகள் உள்ளன. அறுவடைக்குப் பின் வயல் வரப்புகளில் எலி வளை தோண்டுவதும், சீமைக்கருவேல் வெட்டிக் கரி போடுவதும், செங்கற்சூளைக்குச் செல்வதும் அவர்கள் தொழில்களாய் இருந்தன. வயல் குறையக் குறைய எலியும் குறைந்தது. இப்போது ஆண்களில் பலர் அதே வயல்களின்மேல் எழுந்த கட்டடங்களில் சித்தாள் வேலை செய்கின்றனர். அந்தக் கட்டடங்களில் குடியேறியோர் வீட்டுக்குள் பாம்பு புகுந்துவிட்டால் மட்டும் இவர்களைத் தேடி வண்டி வரும்.

தமிழ்நாட்டில் இருளர் தொகை 2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ ஒரு இலட்சத்துத் தொண்ணூறாயிரம். தோடர், கோத்தர், குறும்பர், பணியர், காட்டுநாயக்கர் ஆகியோருடன் சேர்த்து, நலிவுற்ற நிலையிலுள்ள ஆறு பழங்குடிகளுள் ஒன்றாக அரசு அவர்களை வகைப்படுத்தியுள்ளது. நீலகிரிச் சரிவிலும் அட்டப்பாடியிலும் வாழும் இருளர் தனிமொழி பேசுவர். நம் பக்கத்துச் சமவெளி இருளர் தமிழே பேசுவர். மாசி மகத்தன்று மாமல்லபுரக் கடற்கரையில் கன்னியம்மனை வழிபட இவர்கள் கூடும் காட்சியைக் கண்டவர்கள், இக்குடியின் அகலத்தை ஒரே இரவில் அறிந்துகொள்வர்.

அவர்களின் பாம்பறிவு உலகறிந்தது. 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும், அடுத்து வந்த பாம்புத்தோல் ஏற்றுமதித் தடையும் அவர்களின் பிழைப்பை அடைத்தபோது, ரோமுலஸ் விட்டேக்கரின் முயற்சியால் 1978இல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் தோன்றியது. கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடநெம்மேலி முதலைப் பண்ணையினுள் அது இயங்கி வருகிறது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என்னும் நால்வகைப் பாம்புகளைப் பிடித்து, சில வாரம் வைத்திருந்து நஞ்செடுத்து, அடையாளமிட்டு மீண்டும் காட்டில் விடுகின்றனர். நாட்டின் பாம்புக்கடி மருந்துக்கு மூலப்பொருள் அந்நஞ்சு. அச்சங்கத்தைச் சேர்ந்த வடிவேல் கோபாலும் மாசி சடையனும் 2017இல் அமெரிக்காவின் புளோரிடாவுக்கு அழைக்கப்பட்டு, முதல் எட்டு நாட்களில் 13 மலைப்பாம்புகளைப் பிடித்தனர். 2023இல் இருவர்க்கும் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. கடல் கடந்து சென்ற அவ்விருவர்க்கும் எவ்வேடமும் தேவைப்படவில்லை.

இனி நாம் சொல்லவந்த படத்துக்கு வருவோம். 2021 நவம்பர் 2ஆம் நாள் அமேசான் தளத்தில் 'ஜெய் பீம்' வெளியாயிற்று. த. செ. ஞானவேல் இயக்கினார், நடிகர் சூர்யாவின் நிறுவனம் தயாரித்தது. திருட்டுக் குற்றம் சுமத்தப்பட்டுக் காவல் நிலையத்தில் அடித்துக் கொல்லப்படும் இருளர் இராசாக்கண்ணுவாக மணிகண்டனும், அவனைத் தேடும் மனைவி செங்கேணியாகக் கேரளத்து நடிகை லிஜோமோள் ஜோஸும் நடித்தனர். வழக்கறிஞர் சந்துருவாகச் சூர்யா நடித்தார். நடிகர்கள் படப்பிடிப்புக்கு முன் இருளர் குடியிருப்புகளில் பழகி, வேட்டைக்கு உடன் சென்று, நடையும் பேச்சும் கற்றனர். இருளர் பலரும் படத்தில் தோன்றினர். இம்முயற்சி பழைய பாசிமணி வேடத்திலிருந்து நெடுந்தூரம் வந்துவிட்டது என்பதில் ஐயமில்லை. ஆயினும் லிஜோமோளின் மேனி ஒப்பனையால் கருமையாக்கப்பட்டது. பழங்குடிப் பெண் என்றால் கருமை பூச வேண்டும் என்னும் பழைய கணக்கு மட்டும் இம்முறையும் தப்பிப் பிழைத்துக்கொண்டது.

கதையின் வேர் உண்மையில் கடலூர் மாவட்டம் முதனை கிராமத்தில் உள்ளது. 1993 மார்ச்சு மாதத்தில் கம்மாபுரம் காவல் நிலையத்தில் இராசாக்கண்ணு என்பவர் சித்திரவதைக்குள்ளாகி இறந்தார். அவர் மனைவி பார்வதிக்காக, பின்னாளில் உயர்நீதிமன்ற நீதிபதியான வழக்கறிஞர் கே. சந்துரு ஆட்கொணர்வு மனு தொடுத்தார். 2006இல் சென்னை உயர்நீதிமன்றம் குற்றவாளிகளின் ஆயுள் தண்டனையை உறுதி செய்தது. பதின்மூன்று ஆண்டுகள்! திரையில் அது ஏறக்குறைய மூன்று மணி நேரம். உண்மையான இராசாக்கண்ணுவும் பார்வதியும் குறவர் சமூகத்தினர். படம் அவர்களை இருளராக மாற்றியது. இருளர்மீது போடப்பட்ட எண்ணற்ற பொய் வழக்குகளைச் சேர்த்துச் சொல்லவே அவ்வாறு செய்ததாகக் கொண்டாலும், தம் துயரின் மேலிருந்த தம் பெயர் அழிக்கப்பட்டதெனக் குறவர் தரப்பில் வருத்தம் எழுந்தது. அவ்வருத்தம் நமக்கு நேர்மையானதாகவே படுகிறது. 1871ஆம் ஆண்டுக் குற்றப் பழங்குடிச் சட்டத்தின் நிழலில் பல தலைமுறைகளாகக் காவல் நிலையப் பதிவேட்டில் கைநாட்டு வைத்தவர்கள் அவர்கள். 1952இல் சட்டம் நீங்கியும் பழி நீங்கவில்லை. அந்தப் பழிக்கு எதிராய் நின்ற ஒரு பெண்ணின் வெற்றி நாடெங்கும் பேசப்பட்ட நேரத்தில், அவள் எக்குடியிற் பிறந்தவள் என்பது மட்டும் மாறிப்போயிற்று.

அதே ஆண்டு கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு முந்திய வாரம், வின்சென்ட் தே பவுல் சபை அன்பர்கள் சிலருடன் போர்வைகள் கொடுக்க அந்த ஏரிக்கரைக்குச் சென்றோம். பங்கு இளைஞர்கள் இரவல் வாங்கிய ஒளிவீச்சுக் கருவியைக் கொண்டுவந்து, வேப்பமரத்தில் வேட்டி கட்டி அப்படத்தைக் காட்டினர். காவல் நிலையக் காட்சிகள் தொடங்கியதும் தாய்மார்கள் சிலர் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் சென்றுவிட்டனர். ஆண்கள் அசையாமல் இருந்தனர். படம் முடிந்தபின் எவரும் கைதட்டவில்லை. முதலில் பேசியவர், எலி பிடிப்பதில் பெயர்பெற்ற முதியவர்.

"அந்தத் தம்பி நடக்கிற நடை நம்ம நடைதான், ஐயா. தோள்ல கடப்பாரை இருந்தா இப்படித்தான் சாயும்" என்றார்.

ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு தாய், சற்று நேரம் தரையையே பார்த்திருந்துவிட்டு, "அந்தப் பொண்ணு நல்லாத்தான் அழுதுச்சு. ஆனா நாங்க அப்படி வாய்விட்டு அழமாட்டோம் ஐயா. சத்தம் கேட்டா இன்னும் ரெண்டு அடி சேர்த்து விழும்" என்றார்.

இதை அவர் குறையாகச் சொல்லவில்லை, தகவலாகச் சொன்னார். எத்தனை இதழ்களில் எத்தனை விமர்சனங்கள் வந்தன! இந்த ஒரு செய்தியை நாம் எதிலும் படித்ததில்லை. திரைக்கு அழுகுரல் வேண்டும். இல்லையேல் பார்ப்பவர் நெஞ்சம் இளகாது. வாழ்வில் அடக்கிய குரலைத் திரையில் திறந்துவிடுவதே நடிகையின் பணி என்றும் வாதிடலாம். அந்தத் தாய் அவ்வாதத்தை மறுக்கமாட்டார். ஆனால் அந்த அடக்கலுக்குப் பின்னாலிருக்கும் அறிவு, அடிபட்டவர்களின் அறிவு, ஒரு மாதப் பயிற்சியில் கிட்டுவதன்று.

"அந்தப் பொண்ணு நம்மாளா?" என்று ஒரு சிறுமி கேட்டாள். கேரளத்தைச் சேர்ந்தவர் என்றோம். ஒரே வியப்பு. மலையாளத்துப் பெண் எப்படி இந்தப் பேச்சுப் பேசினாள் என்று அவர்களுக்குள் சிரிப்பு எழுந்தது. "நம்ம புள்ளைங்களைக் கூப்பிட்டிருந்தா நடிச்சிருக்காதா?" என்றார் ஒருவர். "கூப்பிட்டாப் போயிருப்பியா? அத்தினி நாள் வேலையை வுட்டா மேஸ்திரிக்கு யார் பதில் சொல்றது?" என்று அவர் மனைவியே மறித்தார். முன்பணம் வாங்கிக்கொண்டு சூளைக்கோ மரவெட்டுக்கோ போனவர்க்கு இந்த விடையின் பொருள் விளங்கும். 1976இல் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்த பின்னும் இருளர் பலர் அரிசி ஆலைகளிலிருந்தும் செங்கற்சூளைகளிலிருந்தும் மீட்கப்பட்டே வந்துள்ளனர். நடிகனாவதற்கு முதல் தகுதி முகமன்று. தன் நாளைத் தானே செலவழிக்கும் உரிமை.

படம் பயன் தரவில்லை என்று நாம் சொல்லமாட்டோம். வெளியீட்டுக்கு முந்திய நாள் சூர்யா, பழங்குடி இருளர் கல்வி அறக்கட்டளைக்கு ஒரு கோடி ரூபாயை முதலமைச்சர் முன்னிலையில் வழங்கினார். பின்னர் பார்வதியின் பெயரில் பத்து இலட்சம் ரூபாய் வைப்புநிதிக்கும் ஏற்பாடு செய்தார். அந்த நவம்பர் 4ஆம் நாள், தீபாவளியன்று, முதலமைச்சர் மாமல்லபுரத்தை அடுத்த பூஞ்சேரிக்குச் சென்று இருளர்க்கும் நரிக்குறவர்க்கும் பட்டாக்களும் சான்றிதழ்களும் வழங்கினார். கோயில் அன்னதானப் பந்தியிலிருந்து எழுப்பப்பட்ட நரிக்குறவப் பெண் ஒருவர் வெகுண்டு பேசிய காணொளியே அதற்கு முதற்காரணம். படம் எழுப்பிய பேச்சும் காற்றில் இருந்தது. ஒரு புகழ்பெற்ற நடிகர் தம் பெயரை ஓரிடத்தில் வைத்தால் நாட்டின் பார்வை அங்குத் திரும்புகிறது. அந்தப் பெயர் இல்லாவிடில் இப்படத்தை எடுக்கவே எவரும் பணம் போட்டிருக்கமாட்டார்கள் என்பதும் மெய்.

சான்றிதழ் என்றதும் நம் ஏரிக்கரைப் பெண் ஒருத்தியின் நினைவு வருகிறது. பத்தாம் வகுப்பில் நல்ல மதிப்பெண் பெற்றவள். மேற்படிப்புக்குப் பழங்குடிச் சான்றிதழ் வேண்டும். அவள் தந்தை நம்மையும் உடன் அழைத்துக்கொண்டு ஓர் அலுவலகத்துக்குச் சென்றார். கட்டம் போட்ட சட்டையும் காலில் செருப்புமாக நின்ற அவரை ஏற இறங்கப் பார்த்த ஓர் ஊழியர், "பார்த்தா இருளர் மாதிரியே தெரியலையே, பாம்பு பிடிக்கத் தெரியுமா?" என்றார். தந்தைக்குத் தெரியும். அதற்காகப் பையில் ஒரு பாம்பைக் கொண்டுவந்திருக்க வேண்டுமா என்ன? மகளுக்குத் தெரியாது. அவளுக்குத் தெரிந்தது கணிதமும் உயிரியலும். அன்று அலுவலகப் படியிறங்கும்போது, "ஒரு கோவணத்தைக் கட்டிக்கிட்டு வந்திருந்தா உடனே கொடுத்திருப்பாங்களோ?" என்று அவர் சிரித்தார். அச்சிரிப்பைப் பார்த்து நம்மால் சிரிக்க இயலவில்லை. திரையில் இருளராக நடித்தவர்க்கு ஒப்பனையாளர் இருந்தார். இவரோ தம்மைத் தாமே நடித்துக் காட்டித் தேர்வு பெறவேண்டியவராய், ஒப்பனையின்றி நின்றார். ஒன்றரை ஆண்டுகள் கழித்துச் சான்றிதழ் வந்தது. அவள் இப்போது தாம்பரத்தில் கல்லூரிக்குச் செல்கிறாள்.

பழங்குடியினரே நடித்த சில வேளைகளையும் சொல்ல வேண்டும். 2006இல் வெளிவந்த 'போட்டோகிராபர்' என்னும் மலையாளப் படத்தில் மோகன்லாலுடன் நடித்த வயநாட்டுப் பணியர் குலச் சிறுவன் மணி, சிறந்த குழந்தை நட்சத்திரத்துக்கான கேரள அரசு விருதைப் பெற்றான். கைதட்டல் அடங்கியதும் படவுலகம் அவனை மறந்தது. படிப்பும் நின்றது, கூலி வேலைக்குச் சென்றான். பல ஆண்டுகள் கழித்தே 'உடலாழம்' என்ற படம் அவரை முதன்மை நடிகராக மீண்டும் அழைத்தது. ஒரு மேல்தட்டுக் குழந்தை நட்சத்திரம் நடிப்பை விட்டால் பள்ளிக்குத் திரும்புகிறது. மணி திரும்பிய இடம் அதுவன்று. அட்டப்பாடி இருளர் மூதாட்டி நஞ்சியம்மாவின் கதை சற்று ஆறுதலானது. 'அய்யப்பனும் கோஷியும்' படத்தில் தம் மொழியில் தாமே பாடிய பாட்டுக்காக, 2022இல் அறிவிக்கப்பட்ட தேசிய விருதுகளில் சிறந்த பின்னணிப் பாடகி ஆனார். முறையான இசைப் பயிற்சி இல்லாதவர்க்கு இவ்விருதா என்று சிலர் முணுமுணுத்தனர். ஆடு மேய்த்துக்கொண்டே பாடியது பயிற்சியில் சேராதாம்!

அமெரிக்காவில் இவ்வழக்கு நம்மினும் பழையது. 1973இல் 'காட்பாதர்' படத்துக்கான ஆஸ்கார் விருதை மார்லன் பிராண்டோ ஏற்க மறுத்தார். பூர்வகுடியினரைத் திரைப்படத் தொழில் நடத்தும் விதத்தைக் கண்டித்து, சஷீன் லிட்டில்ஃபெதர் என்ற பெண்ணை மேடைக்கு அனுப்பினார். அவையில் கைதட்டலும் எழுந்தது, கூச்சலும் எழுந்தது. 2022இல்தான் விருதுக் கழகம் அப்பெண்ணிடம் மன்னிப்புக் கேட்டது. அவ்வாண்டு அக்டோபரில் அவர் இறந்த பின், அவர் பூர்வகுடியில் பிறந்தவரே அல்லர் என்று உடன்பிறந்த சகோதரியர் கூறினர். உரிமைக்குரல் கொடுத்தவரின் முகமும் வேடமாய் இருந்திருக்கக்கூடும் என்ற ஐயத்தோடு அவ்வரலாறு நிற்கிறது. ஐம்பது ஆண்டுகள் கழித்து, 2023இல், மார்ட்டின் ஸ்கோர்செசியின் படத்தில் ஓசேஜ் குலப் பெண் மோலியாக நடித்தவர் லில்லி கிளாட்ஸ்டன். அவர் பிளாக்ஃபீட், நெஸ் பெர்ஸ் என்னும் குலங்களின் வழிவந்தவர். மோலிக்காக ஓசேஜ் மொழியைக் கற்றார். 2024 சனவரியில் கோல்டன் குளோப் விருதைப் பெற்றபோது முதலில் தம் குலமொழியில் பேசினார். அப்படத்துக்கு மொழி ஆலோசகராய் இருந்த ஓசேஜ் குலத்தவர் ஒருவரோ, இக்கதை மோலியின் கண்வழியே சொல்லப்பட்டிருக்க வேண்டும், ஆனால் அதற்கு ஓசேஜ் ஒருவரே இயக்க வேண்டியிருக்கும் என்று கருத்துரைத்தார்.

'ஜெய் பீம்' பற்றியும் இதே எண்ணம் நமக்கு உண்டு. படத்தின் இறுதியில், நாற்காலியில் அமர்ந்து நாளிதழ் படிக்கும் வழக்கறிஞரைப் பார்த்து அந்தச் சிறுமியும் கால்மேல் கால் போட்டு நாளிதழைப் பிரிக்கிறாள். அழகிய காட்சி. ஏரிக்கரையில் அன்றிரவு குழந்தைகள் அதைத்தான் திரும்பத் திரும்ப நடித்துக் காட்டினர். ஆயினும் அவள் யாரைப் பார்த்துக் கால்மேல் கால் போடுகிறாள்? செங்கேணியைப் பார்த்து அன்று. கதையின் முதுகெலும்பு தாயாக இருந்தும், கதையின் தலை வழக்கறிஞர்தான். நட்சத்திரம் நடிக்கும் படத்தில் வேறு விதமாய் இருக்க இயலாது போலும்.

நரிக்குறவரைப் பழங்குடிப் பட்டியலில் சேர்க்கும் சட்டத்தை 2022 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றியது. மூன்று மாதம் கழித்து, 2023 மார்ச்சு 30ஆம் நாள், சென்னைக் கோயம்பேட்டுத் திரையரங்கு ஒன்றில் நுழைவுச் சீட்டு வைத்திருந்த நரிக்குறவக் குடும்பம் வாயிலில் நிறுத்தப்பட்டது. குழந்தைகளின் வயதே காரணம் என்று அரங்கத்தார் விளக்கினர். காணொளியைக் கண்ட நாடு அவ்விளக்கத்தை ஏற்கவில்லை. பின்னர் அவர்கள் உள்ளே அனுமதிக்கப்பட்டனர். 'ஒளிவிளக்கு' வந்து ஐம்பத்தைந்து ஆண்டுகள் ஆகியிருந்தன. திரையில் அவர்கள் உடையை உடுத்தவர்க்கு மாலையும் ஆரவாரமும். அந்த உடையோடு பிறந்தவர்கள் கையில் சீட்டுடன் வாயிற்படியில்.

அவ்வாண்டு மழைக்காலம் முடிந்த சமயத்தில், துணை நடிகர்களைத் திரட்டும் முகவர் ஒருவர் ஏரிக்கரைக்கு வேனில் வந்தார். ஏதோ ஒரு தொலைக்காட்சித் தொடருக்கு இருளர் முகங்கள் வேண்டுமாம். ஒரு நாள் கூலி எழுநூறு ரூபாய், மதியம் பிரியாணி. பெண்கள் ஒன்பது பேர் ஒப்புக்கொண்டனர். மறுநாள் விடியற்காலையில் வேன் வந்தபோது, ஒன்பது பேரும் தலைவாரிப் பூச்சூடி, மாசி மகத்துக்கென்று எடுத்து வைத்திருந்த சேலைகளை உடுத்தி நின்றனர். முகவர் தலையில் கைவைத்துக்கொண்டார். இப்படி வந்தால் இருளர் என்று யார் நம்புவார்கள் என்று கேட்டுவிட்டு, வேனின் பின்புறத்திலிருந்து ஒரு மூட்டையை இறக்கினார். அதில் கிழிந்த சேலைகள் இருந்தன. சாயத்தில் முக்கி அழுக்காக்கப்பட்டவை.

அன்றொருநாள் அழுகையைப் பற்றி நம்மிடம் சொன்ன அதே தாய், மூட்டையிலிருந்து ஒன்றை எடுத்துப் பிரித்துப் பார்த்தார். "கிழிஞ்சது எங்க வூட்ல இல்லியா, சாரு? அது நான் வேலைக்குக் கட்டிக்கிட்டுப் போறது. நாலு பேர் பாக்கறதுக்கு இதைத்தான் கட்டுவேன்" என்று தம் சேலையின் முந்தானையைத் தொட்டுக் காட்டினார். முகவர்க்குக் கோபம் வரவில்லை, நேரம் இல்லை. மற்ற எட்டுப் பேர் உடை மாற்றிக்கொண்டு ஏறினர். எழுநூறு ரூபாய் எவருக்கும் எளிதில் விடக்கூடிய தொகையன்று. மாலையில் திரும்பியவர்கள் பிரியாணி நன்றாக இருந்ததென்றும், நாள் முழுதும் ஒரு கிணற்றைச் சுற்றி நிற்கச் சொன்னார்களென்றும், தொடரின் பெயரை எவரும் சொல்லவில்லையென்றும் கூறினர். வேன் புறப்பட்ட பின் அந்தத் தாய் பூவை எடுக்காமலேயே, அதே சேலையுடன், படப்பைச் சந்தைக்குக் காய் வாங்கச் சென்றாராம்.